பேஜார்: சென்னையில் தொல்லை, பெங்களூரில் வருத்தம்

சென்னையிலிருந்து பெங்களூருக்கு வேலைக்கு வந்த ஒரு பையனை நினைத்துக்கொள்ளுங்கள். பதினோரு மாத வாடகை ஒப்பந்தம் முடியப்போகிறது. வீட்டுக்காரம்மாள் மாடிப்படி ஏறி வந்து, அடுத்த மாதத்திலிருந்து இரண்டாயிரம் ரூபாய் கூடுதல் என்கிறார். சொல்லிவிட்டு ஒரு நொடி தயங்கி, “பேஜார் மாட்கோபேடி” என்கிறார். பையனுக்குத் தெரிந்த பேஜார் என்றால் தொல்லை. ‘தொல்லை பண்ணாதே’ என்கிறாரா? வாடகையை ஏற்றுவதும் அவர், அதட்டுவதும் அவரா?

அவர் சொன்னதற்கு அர்த்தம் வேறு. ‘மனசுல ஒண்ணும் வெச்சுக்காதீங்க’ என்றுதான் சொல்லியிருக்கிறார். மன்னிப்புக்குப் பக்கத்தில் வரும் பேச்சு அது.

இதே குழப்பம் தமிழுக்குள்ளேயும் நடக்கும். பெங்களூரின் அல்சூர், சிவாஜி நகர், மர்பி டவுன் பக்கம் தலைமுறைகளாக வாழும் தமிழர்கள் “பேஜார் பண்ணிக்காதேம்மா” என்று சாதாரணமாகச் சொல்வார்கள், துக்க வீட்டில்கூட. சென்னையிலிருந்து வந்த உறவினர் காதில் அது எப்படி விழும்? அழுதுகொண்டிருப்பவளைப் போய் ‘பேஜார்’ என்று பேசுகிறார்களே என்று விழும்.

ஒரே சொல், ஒரே உச்சரிப்பு, 350 கிலோமீட்டர் இடைவெளி. அதற்குள் பொருளும் மாறிவிட்டது, மரியாதையும் மாறிவிட்டது. எப்படி என்று அடியிலிருந்து பார்க்கலாம்.

ஒலி: நடுவில் இருக்கும் ஜ

பேஜார் பாரசீகத்திலிருந்து வந்த சொல். மூலத்தில் நடு எழுத்து ஜ கிடையாது. காதருகே தேனீ வந்தால் கேட்குமே, அந்த ரீங்காரத்தோடு சேர்ந்த ஸ. உருதுவிலும் கவனமாகப் பேசப்படும் இந்தியிலும் அது இன்றும் அப்படியே ஒலிக்கிறது. தென்னிந்திய மொழிகளின் பேச்சில் இந்த ஒலி இல்லை. வரும் இடத்திலெல்லாம் ஜ-வைப் போட்டுச் சமாளித்தார்கள். ஜமீன், ஜோர், ஜரிகை, ஜாமீன், ஜில்லா, ஜாஸ்தி எல்லாமே இந்த வழியில் வந்தவைதான். கன்னடத்தில் விண்ணப்பத்துக்கு ‘அர்ஜி’ என்று பெயர். அதன் ஜ-வும் இதே ரீங்கார ஸ-தான்.

மிகச் சரியான ஜோடி வேண்டுமென்றால் ‘பஜார்’ இருக்கிறது. அதுவும் பாரசீகம், அதற்கும் நடுவில் அதே ஒலி, அதே ‘ஆர்’ முடிவு. ஒலி ஒற்றுமையை வைத்து ‘பஜாரில் நெரிசல், சத்தம், தொல்லை, அதனால்தான் பேஜார்’ என்று விளக்கம் சொல்பவர்கள் உண்டு. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் இரண்டும் வேறு வேறு சொற்கள். மூலத்திலேயே முதல் உயிரெழுத்து வேறு, பொருளும் வேறு. சந்தைக்கும் சலிப்புக்கும் உறவு நம் அனுபவத்தில் இருக்கலாம், சொல்லின் பிறப்பில் இல்லை.

கடைசியில் கன்னடம் ஓர் உகரம் சேர்த்துக்கொண்டு ‘பேஜாரு’ என்கும். சென்னைப் பேச்சிலும் ‘பேஜாரு’ உண்டு. வேகமாகப் பேசும்போது இரண்டு ஊரிலும் அந்த உ விழுந்துவிடும்.

மூலப் பொருள்: விலகி நிற்கும் மனம்

பாரசீகத்திலும் உருதுவிலும் இது ஒருவரின் நிலையைச் சொல்லும் அடைச்சொல். வெறுத்துப்போன, சலித்துப்போன, ஒன்றிலிருந்து மனம் விட்டுப்போன ஆள் என்று பொருள். பழைய பாரசீகத்தில் ‘தொடர்பை அறுத்துக்கொண்டவன்’ என்ற வாடையும் இருந்தது. உருதுவில் இதைப் பயன்படுத்தும் முறையைப் பாருங்கள்: ‘வாழ்க்கை மேல் பேஜார்’ என்று சொல்லமாட்டார்கள், ‘வாழ்க்கையிலிருந்து பேஜார்’ என்பார்கள். ‘இலிருந்து’ என்ற அந்த வேற்றுமையிலேயே விலகல் இருக்கிறது.

டெல்லியில் வாழ்ந்த காலிப் (1797–1869) தன் புகழ்பெற்ற கஜல் ஒன்றில், ஆவலோடு காத்திருப்பவனையும் பேஜாராக இருப்பவளையும் எதிரெதிரே நிறுத்துகிறார். ஆவலுக்கு நேர் எதிர்ச்சொல்லாக அங்கே பேஜார் நிற்கிறது. சென்னை ஆட்டோ ஸ்டாண்டில் புழங்கும் சொல், டெல்லியில் கஜலில் உட்கார்ந்திருக்கிறது என்பதை மட்டும் மனதில் வையுங்கள். பின்னால் இது உதவும்.

இந்த அடைச்சொல்லிலிருந்து உருதுவில் ‘பேஜாரி’ என்ற பெயர்ச்சொல் வரும்: சலிப்பு, வெறுப்பு. தெற்கே வந்தபோது அந்த இகரம் உதிர்ந்துவிட்டது. ‘பேஜார்’ என்ற அடைச்சொல்லே இங்கே பெயர்ச்சொல் வேலையையும் பார்க்கத் தொடங்கியது. பொருள் மாற்றத்தின் முதல் கதவு இங்கேதான் திறந்தது. ‘பேஜாரான மனிதன்’ என்று ஆளைச் சொல்லிக்கொண்டிருந்த சொல், ‘பேஜார்’ என்று ஒரு பொருளையே, ஒரு விஷயத்தையே சொல்லும் சொல்லாக மாறியது. அது என்ன விஷயம் என்பதில்தான் ஊருக்கு ஊர் வேறுபட்டார்கள்.

ஊர் ஊராக ஒரு சுற்று

1. டெல்லி. ஆர்.கே.புரத்திலோ கரோல் பாக்கிலோ வளர்ந்த தமிழருக்கு இது கொஞ்சம் புத்தகச் சொல், வெறுத்துப்போன நிலை. தெருச் சண்டையில் கேட்காது, கவிதையிலும் நாடகத்திலும் பழைய பாட்டிலும் கேட்கும்.

2. மும்பை. மராத்தியில் ‘பேஜார் ஹோணே’ என்றால் பாடுபட்டு நொந்துபோவது. வெயில் கூடினால் ‘புழுக்கத்தால் மக்கள் பேஜார்’ என்று மராத்தி நாளிதழ் தலைப்புப் போடும். தண்ணீர் வராவிட்டாலும், சாலை குண்டும் குழியுமானாலும் இதே தலைப்புதான். தாராவித் தமிழர்களுக்கு இது பழக்கமான செய்தித்தாள் மொழி. வெளியிலிருந்து வரும் உபத்திரவம், அதனால் உள்ளே ஏற்படும் களைப்பு: இரண்டையும் சேர்த்துப் பிடிக்கும் பொருள் இது.

3. ஆந்திரம், தெலங்கானா. ‘பேஜாரு’ என்றால் சலிப்பு, திணறல். மராத்திக்கு அண்டை வீடு.

4. கோழிக்கோடு. மலபார் மலையாளத்தில், முக்கியமாக மாப்பிள்ளை முஸ்லிம்கள் பேச்சில், ‘பேஜாறு’ என்றால் கவலை, பதற்றம். ‘பேஜாறாவண்ட’ என்றால் ‘கவலைப்படாதே, பதறாதே’. தென் கேரளத்துக்காரரிடம் இதைச் சொன்னால் மலபார்க்காரர் என்று உடனே கண்டுபிடித்துவிடுவார்.

5. மங்களூர். துளுவில் ‘பேஜார்’ வருத்தம். பெங்களூருக்கு மிக அருகில் இருக்கும் பொருள்.

6. சென்னை. தொல்லை, இம்சை, சிக்கல். ‘காலங்காத்தால பேஜார் பண்ணாத’, ‘வண்டி ஸ்டார்ட் ஆகல, ஒரே பேஜாரா போச்சு’, ‘பேஜார் புடிச்ச வேலை’. இங்கே பேஜார் என்பது நபருக்கு வெளியே இருக்கிறது. அடுத்தவர் நமக்குச் செய்வது, நாம் அடுத்தவருக்குச் செய்வது.

7. பெங்களூர். வருத்தம், மனத்தாங்கல், சலிப்பு. முழுக்க முழுக்க உள்ளே இருப்பது.

வரிசையாகப் பார்த்தால் அவ்வளவு தூரம் இல்லை. சலிப்பு நடுவில் இருக்கிறது. அதைத் தருவது எது என்று வெளியே பார்த்தால் சென்னை, அது மனத்தை என்ன செய்கிறது என்று உள்ளே பார்த்தால் பெங்களூர். ஆனால் நடுவில் இருப்பவற்றை அறியாமல் இரண்டு முனைகளை மட்டும் சேர்த்து வைத்தால் முட்டிக்கொள்ளத்தான் செய்யும்.

ஒரு வாக்கியத்தைப் பிரித்துப் பார்ப்போம்

வீட்டுக்காரம்மாள் சொன்ன ‘பேஜார் மாட்கோபேடி’யைத் துண்டு துண்டாக எடுத்து வைத்தால் விஷயம் தெளிவாகும்.

‘மாட்’ என்பது மாடு: செய். ‘கோ’ என்பது கொள்ளு; நம்முடைய கொள்-தான். ‘பேடி’ என்பது பேட, அதாவது வேண்டாம். கடைசி இகரம் மரியாதைக்கு. சேர்த்தால்: ‘பேஜார் செய்துகொள்ள வேண்டாம்’. பேஜாரை எடுத்துவிட்டு வருத்தத்தை வைத்தால் அப்படியே தமிழ் வாக்கியம்.

இதில் எல்லாம் அந்தக் ‘கோ’வில்தான் இருக்கிறது. அதை எடுத்துவிட்டு ‘பேஜார் மாட்பேட’ என்று சொன்னால், ‘பிறர் மனத்தை நோகடிக்காதே’ என்றாகும். ‘கோ’ இருந்தால் வருத்தம் உன்னுடையது, நீ படாதே. இல்லாவிட்டால் வருத்தம் அடுத்தவருடையது, நீ தராதே. தமிழில் ‘வருத்தாதே’, ‘வருத்திக்கொள்ளாதே’ என்பவற்றுக்கு இடையில் கொள் செய்யும் வேலை இதுதான். புதிதாகக் கன்னடம் கற்பவர்கள் இந்த ஓரெழுத்தை விழுங்கிவிட்டு, ஆறுதல் சொல்லப் போய்க் குற்றம் சாட்டிவிட்டு வருவார்கள்.

இரண்டாவது வடிவம் ‘நங்கெ பேஜாராகிதெ’. ‘எனக்கு வருத்தமாக இருக்கிறது’. உருதுவில் ‘நான் பேஜார்’ என்று எழுவாயிலேயே ஆள் நிற்பார். கன்னடத்தில் ‘எனக்கு’ என்று நான்காம் வேற்றுமை வந்துவிட்டது. எனக்குப் பசிக்கிறது, எனக்குக் கோபம் வருகிறது என்று நாம் சொல்லும் அதே திராவிடக் கட்டுமானம். விருந்தாளிச் சொல்லுக்கு வீட்டு வேட்டியைக் கட்டிவிட்டார்கள்.

மூன்றாவது, சலிப்பு. ‘மனேல் கூத்து பேஜாராய்த்து’ என்றால் வீட்டிலேயே உட்கார்ந்து போரடித்துவிட்டது. இந்தப் பொருள் இப்போது இளையவர்களிடம் கொஞ்சம் தேய்கிறது என்பது என் எண்ணம். அவர்கள் நம்மைப் போலவே ‘போர்’ என்கிறார்கள். சலிப்பை ஆங்கிலம் எடுத்துக்கொள்ள, பேஜாருக்கு வருத்தமும் மனத்தாங்கலும் மிச்சமாகின்றன.

ஏன் கன்னடத்தில் வருத்தம்?

இதற்கு நல்ல பதில் பக்கத்திலேயே இருக்கிறது. கன்னடத்தில் ‘பேசர’ என்று இன்னொரு சொல் உண்டு. பொருள்: சலிப்பு, மனவருத்தம், அயர்ச்சி. எழுத்திலும் மேடையிலும் ‘பேசர’, வீட்டுப் பேச்சில் ‘பேஜாரு’ என்று இரண்டும் இன்று அக்கம்பக்கமாக வாழ்கின்றன. ஒன்றுக்குப் பதில் மற்றொன்றைப் போட்டாலும் பெரும்பாலும் யாரும் கவனிக்கமாட்டார்கள்.

ஆனால் பேசர பாரசீகம் இல்லை. அது நம் சொந்தக்காரர். தமிழில் சொல் முதலில் வரும் வ, கன்னடத்தில் பெரும்பாலும் ப ஆகும், அதுவும் அதிர்ந்து ஒலிக்கும் ப. வேர் – பேரு. விடு – பிடு. வாய் – பாயி. விரல் – பெரளு. வேலி – பேலி. வெண்ணெய் – பெண்ணெ. தாவணகெரெ ‘பெண்ணெ தோசை’ பலகையைப் பார்த்துப் பெண்ணுக்கும் தோசைக்கும் என்ன சம்பந்தம் என்று யோசித்த தமிழர்கள் எத்தனை பேரோ. அது வெண்ணெய் தோசை. சற்று முன் பார்த்த ‘பேட’வும் வேண்டா-தான்.

இந்தக் கணக்கைப் பின்னோக்கிப் போட்டால் பேசர தமிழில் ‘வே’ என்று தொடங்க வேண்டும். தொடங்குகிறது: வேசறு. சோர்ந்துபோ, மனம் நொந்துபோ என்று பொருள். தெலுங்கில் இதன் உறவு ‘வேசாரு’. ‘விசிகி வேசாரி’ என்று அங்கே இன்றும் புழங்குகிறது, அலுத்துச் சலித்து என்ற பொருளில். தமிழில் பேச்சு வழக்கிலிருந்து ஏறக்குறைய மறைந்துவிட்டது. ஆனால் திருவாசகத்தில், நீத்தல் விண்ணப்பத்தின் கடைசிப் பாட்டில், மாணிக்கவாசகர் ‘என் பிழைக்கே குழைந்து வேசறுவேனை விடுதி கண்டாய்’ என்கிறார். தன் தவற்றுக்குத் தானே குழைந்து நொந்துபோகிறவனை விட்டுவிடுவாயோ என்று கேட்கிறார். அந்த இடத்தில் பெங்களூர்க்காரர் ஒருவரை உட்காரவைத்து உரை சொல்லச் சொன்னால், ‘தன் தப்புக்குத் தானே பேஜார் பண்ணிக்கிறவன்’ என்பார். பொருள் அச்சாகப் பொருந்தும்.

அப்படியென்றால் பேஜாரு என்பதே பேசர-வின் திரிபுதானா? பாரசீகமெல்லாம் வீண் கதையா? இப்படி வாதிடுகிறவர்களும் உண்டு. நான் ஏற்கவில்லை. காரணங்கள்:

1. பேசர-வில் ச/ஸ குறில் அகரத்தோடு வருகிறது. பேஜாரில் நெடில் ஆ. ஒலி மெலியும்போது நெடில் குறுகுவது வழக்கம், குறில் சும்மா நீள்வது அரிது.

2. வ–ப மாற்றம் கன்னடம், துளு போன்ற மொழிகளின் குணம், தமிழின் குணம் இல்லை. வேசறு-விலிருந்து பிறந்திருந்தால் சென்னையில் அது வே என்று தொடங்கியிருக்க வேண்டும். சென்னையிலும் கோழிக்கோட்டிலும் மும்பையிலும் ‘பே’ என்றே தொடங்குகிறது.

3. மராத்தி, இந்தி, உருது எல்லாவற்றிலும் இதே சொல் இருக்கிறது. கன்னடத்திலிருந்து கிளம்பி டெல்லி கஜல் வரைக்கும் போனது என்று சொல்ல வேண்டிவரும்.

ஆகவே இரண்டும் தனித்தனி ஊற்றுகள். என் கணிப்பு இது: பாரசீகப் பேஜார் கன்னட நாட்டுக்கு வந்தபோது, அங்கே கிட்டத்தட்ட அதே ஒலியில், கிட்டத்தட்ட அதே பொருளில் பேசர ஏற்கெனவே உட்கார்ந்திருந்தது. புதியவர் பழையவரின் பக்கத்தில் இடம் பிடித்தார்; பழையவரின் மென்மை புதியவருக்கு ஒட்டிக்கொண்டது. வெறுப்பு என்ற கடுமை போய் வருத்தம் என்ற கனிவு வந்தது அப்படித்தான். சென்னையில் வேசறு எப்போதோ பேச்சிலிருந்து போய்விட்டதால், அங்கே பேஜாரை மென்மையாக்க ஆள் இல்லை.

இன்னொரு காரணமும் சேர்ந்திருக்கலாம். உருதுவில் இந்தச் சொல்லோடு இரண்டு வினைகள் வரும்: பேஜார் ஆகு, பேஜார் செய். ஒருவர் பேஜார் ஆவது உள்ளே நடப்பது. ஒருவரைப் பேஜார் செய்வது வெளியிலிருந்து நடப்பது. கன்னடம் ‘ஆகு’ வழியில் போயிருக்கிறது. சென்னை ‘பண்ணு’ வழியில் போயிருக்கிறது. ‘அவனைப் பேஜார் பண்ணாதே’ என்றால் மூலத்தில் ‘அவனை வெறுத்துப்போகச் செய்யாதே’. ஆனால் கேட்பவருக்கு ‘பண்ணாதே’ முன்னால் நிற்பது ஒரு பெயர்ச்சொல்லாகவே தோன்றும். எதைப் பண்ணாதே என்கிறார், பேஜாரை. அப்போது பேஜார் என்பது பண்ணப்படும் ஒன்று, அதாவது தொல்லை. ஒரு தலைமுறைக்குள் இந்த மாற்றம் நடந்துவிடும்.

தெற்கே எப்படி வந்தது?

ஒரே வழியாக வந்தது என்று சொல்ல முடியாது. குறைந்தது மூன்று வாசல்கள் திறந்திருந்தன.

முதல் வாசல், பீஜப்பூரும் மராத்தியரும். 1638-இல் பீஜப்பூர் சுல்தானின் படை, தளபதி ரணதுல்லா கானின் தலைமையில் பெங்களூரைப் பிடித்தது. ஊர் சிவாஜியின் தந்தை ஷாஜி போன்ஸ்லேயிடம் ஜாகீராக, அதாவது வரி வசூலித்துக்கொள்ளும் மானியமாக, வந்தது. பீஜப்பூரின் ஆட்சி மொழியில் பாரசீகம், பேச்சில் தக்கணி என்ற தெற்கத்தி உருது, ஷாஜியின் ஆட்களிடம் மராத்தி. இந்த மூன்றுக்கும் பேஜார் தெரிந்த சொல். ஷாஜியின் இன்னொரு மகன் ஏகோஜி 1670-களில் தஞ்சாவூரைப் பிடித்து அங்கே மராத்திய ஆட்சியைத் தொடங்கினார். 1687-இல் பெங்களூர் மூன்று லட்ச ரூபாய்க்கு மைசூரின் சிக்கதேவராஜருக்குக் கைமாறியது. (இன்று மூன்று லட்சம் நல்ல இடத்தில் ஒரு வீட்டுக்கு அட்வான்ஸாகப் போய்விடும்.) ஆக, பெங்களூரும் தஞ்சையும் ஒரு காலத்தில் ஒரே குடும்பத்தின் கையில் இருந்தவை. மராத்தி வழியாக வந்த சொற்கள் இரண்டு மொழிகளுக்கும் ஒரே சமயத்தில் கிடைக்க வாய்ப்பு இருந்தது.

இரண்டாவது, மைசூர். ஹைதர் அலி, திப்பு காலத்தில் (1761 முதல் 1799 வரை) பாரசீகத்தின் செல்வாக்கு கூடியது. திப்பு வருவாய்க் கணக்குகளைப் பாரசீகத்துக்கு மாற்றினார். தர்காஸ்து, ஜமாபந்தி, ஜமீனு போன்றவை கன்னட நாட்டுக் கிராமத்தார் வாயில் இன்றும் இருக்கின்றன. ஜமீனுக்கு அங்கே எந்த நிலமும் என்றுதான் பொருள். தமிழில் ஜமீன் என்றால் மீசையும் சாரட்டும் கண் முன் வரும்.

மூன்றாவது, ஆற்காடு. நவாப் 1768-இல் சேப்பாக்கத்தில் அரண்மனை கட்டிக் குடியேறினார். திருவல்லிக்கேணி, ராயப்பேட்டையில் உருது பேசுவோர் பெருகினார்கள். சென்னைத் தமிழின் பேமானி, கலீஜ், உஷார், ஷோக்கு, குஷி எல்லாம் இந்தப் பக்கத்து வாசனை கொண்டவை. பேமானி என்பது நேர்மையற்றவன் என்ற பொருள்கொண்ட பேயீமான். கலீஜ் என்பது அரபியில் தடித்தது, கரடுமுரடானது என்று தொடங்கி உருதுவில் அழுக்கானது என்றாகி நம்மிடம் வந்தது. அதே சொல் கன்னடத்தில் ‘கலீஜு’.

இந்த மூன்றில் மராத்தி–தக்கண வழிக்குத்தான் என் ஓட்டு சற்றுக் கூடுதலாக விழும். அதற்கு ஒரு துப்பு ‘ராஜினாமா’. மூலப் பொருள் ஒப்புதல் பத்திரம். இந்தியில் இன்றும் அது சமரசம், உடன்படிக்கை. பதவி விலகல் என்ற பொருள் இந்தியில் இல்லை. ஆனால் மராத்தி, கன்னடம், தெலுங்கு, தமிழ் நான்கிலும் ராஜினாமா என்றால் பதவி விலகல்தான். டெல்லியிலிருந்து நேராக வந்திருந்தால் இப்படி நான்கு மொழிகள் ஒருசேர ஒரே பக்கம் சாய்ந்திருக்காது. தக்கணத்தில் ஒரு முறை பொருள் மாறி, அந்த மாறிய பொருளோடு சுற்று வட்டாரத்துக்குப் பரவியிருக்க வேண்டும். பேஜாருக்கும் அப்படி ஒரு நடு நிறுத்தம் இருந்திருக்கும். சென்னையின் தொல்லைப் பொருள் மராத்தியின் நாளிதழ்ப் பொருளுக்கு அவ்வளவு அருகில் இருப்பது வேறு எப்படி?

கண்டோன்மென்ட் தமிழின் தனி நிலை

பெங்களூரில் ஆங்கிலேயர் கண்டோன்மென்ட், அதாவது படைக் குடியிருப்பு, அமைத்தது 1809 வாக்கில். படையோடு மதராஸ் மாகாணத்திலிருந்து தமிழர்கள் வந்தார்கள்: சிப்பாய்கள், ஒப்பந்தக்காரர்கள், சமையல்காரர்கள், கொத்தனார்கள், வியாபாரிகள். பழைய பேட்டையில் கன்னடம், கண்டோன்மென்ட்டில் தமிழும் தக்கணி உருதுவும் ஆங்கிலமும். 1949-இல்தான் இரண்டு நகராட்சிகளும் ஒரே மாநகராட்சியாக இணைந்தன. நூற்று நாற்பது ஆண்டுகள் இரண்டு ஊராக இருந்த ஊர் இது.

அல்சூர்த் தமிழருக்குப் பேஜார் மூன்று பக்கமிருந்தும் வந்தது. தாத்தா வேலூர்ப் பக்கமிருந்தோ மதராஸிலிருந்தோ கொண்டுவந்த பேஜார் தொல்லை. பக்கத்து வீட்டுக் கன்னடத்தார் சொல்லும் பேஜாரு வருத்தம். எதிர்க்கடை பாய் தக்கணியில் சொல்வது சலிப்பு. மூன்றும் ஒரே தெருவில். மூன்று பொருள்களையும் வைத்துக்கொண்டு, வினையை மாற்றி அவர்கள் வேறுபடுத்திவிட்டார்கள்:

‘பேஜார் பண்ணாதே’ – தொல்லை செய்யாதே. இது சென்னை.

‘பேஜார் பண்ணிக்காதே’ – வருத்தப்படாதே. இது கன்னட வாக்கியம், தமிழ் உறுப்புகளோடு. மாட்கோ-வின் ‘கோ’ அப்படியே ‘க்கா’வாக வந்து உட்கார்ந்திருக்கிறது.

‘பேஜாரா இருக்கு’ – மனசு சரியில்லை, அல்லது போரடிக்கிறது. முகத்தைப் பார்த்துத்தான் எது என்று முடிவு செய்ய வேண்டும்.

சென்னையிலிருந்து வருபவர் ‘இவங்க தமிழ் கெட்டுப்போச்சு’ என்பார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. கொள் என்ற ஒரே துணைவினையை வைத்து இரண்டு பொருள்களைப் பிரித்துக் கையாள்வது மொழி கெட்டவர்கள் செய்கிற வேலை இல்லை.

மரியாதை எங்கே இடறுகிறது

பொருள் வேறுபாட்டை ஒரு முறை சொன்னால் புரிந்துவிடும். உண்மையில் மாட்டிவிடுவது மதிப்பு வேறுபாடு. சென்னையில் பேஜார் ‘மெட்ராஸ் பாஷை’. பெரியவர் முன், அலுவலகக் கூட்டத்தில், எழுத்தில் சொல்லத் தயங்குவார்கள். சொன்னால் கொஞ்சம் லோக்கல் என்ற பார்வை வரும். கன்னடத்தில் அந்தக் கறை இல்லவே இல்லை. பாட்டி சொல்வார், டாக்டர் சொல்வார், மேலதிகாரி சொல்வார், தொலைக்காட்சித் தொடரின் மாமியாரும் சொல்வார். உருதுவிலோ அது கஜல் சொல். கவிதை, வீடு, தெரு என்று ஒரே சொல் மூன்று படிகளில் நிற்கிறது.

இதனால் நடைமுறையில் வரும் சிக்கல்கள் சில:

1. கன்னட நண்பர் “பேஜாராய்த்து” என்று அனுப்பினால், அது விளையாட்டுப் பேச்சு இல்லை. அவர் உண்மையாகவே மனம் நொந்திருக்கிறார். சிரிக்கும் பொம்மையைப் பதிலாகப் போட்டுவிட்டு நட்பைச் சரிசெய்ய அலைய வேண்டாம்.

2. மொழிபெயர்ப்பை நம்பும்போது கவனம். ‘பேஜாரு’ சில இடங்களில் சலிப்பு, சில இடங்களில் துக்கம். இரங்கல் செய்தி ‘எனக்குப் போரடிக்கிறது’ என்று மாறிப்போனால் யாரிடம் போய்ச் சொல்வது?

3. கன்னடத்தில் யாராவது தொல்லை தருகிறார் என்று சொல்ல நினைத்து ‘பேஜார் மாட்தானெ’ என்றால், ‘என் மனத்தைப் புண்படுத்துகிறான்’ என்றே கேட்பவர் எடுத்துக்கொள்வார். பஞ்சாயத்து வேறு பக்கம் போய்விடும். தொல்லைக்குக் கன்னடத்தில் ‘தொந்தரெ’ இருக்கிறது. நம் தொந்தரவுதான், பயப்படாமல் பயன்படுத்தலாம்.

4. ‘பேஜான்’ என்று காதில் விழுந்தால் அது வேறு சொல். பெங்களூர்ப் பேச்சில் பேஜான் என்றால் ஏராளம். ‘பேஜான் துட்டு’ – நிறையப் பணம். இந்தியில் இதே ஒலிக்கு உயிரற்ற என்று பொருள். ர-வையும் ன-வையும் மாற்றிக் கேட்டால், பணக்காரரை வருத்தத்தில் இருப்பவராக்கிவிடலாம்.

கடைசியாக அந்தப் பையனிடம் வருவோம். வீட்டுக்காரம்மாள் இன்னும் படியில்தான் நிற்கிறார். அவருக்குச் சொல்ல வேண்டிய பதில் ‘பேஜாரேனூ இல்லா, ஆன்ட்டி’. வருத்தமெல்லாம் ஒன்றுமில்லை என்று அர்த்தம். அதைச் சொல்லிவிட்டு, இரண்டாயிரத்தை ஆயிரமாக்கிக்கொள்ளச் சொல்லிக் கேட்கலாம். சிரித்தால் பேரம் நடக்கிறது என்று பொருள். ‘பேஜார் மாட்கோபேடி’ என்று மறுபடியும் சொன்னால், இரண்டாயிரம்தான்.